மூட்டத்தில் பெயர் சொல்லாதே: கற்பனை உலகத்துக்குக் கதைச் சட்டம் எழுதும் விதம்

கோத்தகிரியில் நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது, கரண்ட் போன ராத்திரிகளில் பாட்டி கதை சொல்லுவார். கணப்பில் கரி கனன்றுகொண்டிருக்கும். ஒரே கம்பளிக்குள் நாலு பேர். தொடங்குவதற்கு முன் ஒரு நிபந்தனை: "ம் கொட்டணும், சொல்லிட்டேன்." ம் நின்றால் கதையும் நின்றுவிடும். ராஜகுமாரன் பாதிக் கிணற்றில் தொங்கிக்கொண்டிருந்தாலும் பாட்டி போர்வையை இழுத்துக்கொண்டு திரும்பிப் படுத்துவிடுவார். மறுநாள் கெஞ்சினால், "தூங்கினது நீதானே" என்பதோடு சரி. அந்த ராஜகுமாரன்களில் இரண்டு பேர் இன்னும் கிணற்றில்தான் இருக்கிறார்கள்.

யோசித்துப் பார்த்தால் அது ஒரு சட்டம். யாருக்கு என்ன கடமை, மீறினால் என்ன நடக்கும், தீர்ப்பு யார் கையில் என்று மூன்றும் அதில் இருக்கின்றன. ஃபேன்டஸி எழுத வருகிறவர்கள் பலர் "கதை சொல்வது தடைசெய்யப்பட்ட நாடு" என்று தொடங்குகிறார்கள். தொடக்கம் நன்றாகத்தான் இருக்கும். பத்தாம் பக்கத்தில் கதை படுத்துவிடும். கொடுங்கோல் ராஜா தடுத்தார் என்பதற்கு மேல் அந்தச் சட்டத்தில் ஒன்றுமே இருக்காது. அப்படி ஒரு நாட்டைக் கட்டப் போகிறவர்களுக்காக, நான் தட்டுத் தடுமாறிக் கற்ற வழியை வரிசையாகச் சொல்கிறேன். உதாரணத்துக்கு நான் எழுதிக்கொண்டிருக்கும் உலகத்தையே எடுத்துக்கொள்கிறேன். பெயர் கூதிர்மலை.

முதலில் பயத்தைத் தேடுங்கள்

எந்தச் சட்டத்தைக் கிளறினாலும் அடியில் யாரோ ஒருவருடைய பயமோ அவமானமோ இருக்கும். நிஜ வரலாற்றிலேயே பாருங்கள். வேல்ஸ் இளவரசர் கல்கத்தாவுக்கு வந்தபோது ஒரு வக்கீல் அவரைத் தன் வீட்டு அந்தப்புரம் வரை அழைத்துப்போய் உபசரித்தார். ஊரே சிரித்தது, அதை நாடகமாகவும் போட்டுவிட்டார்கள். வெள்ளைக்கார அரசாங்கத்துக்கு அது பொறுக்கவில்லை. 1876இல் நாடகங்களைத் தடைசெய்யும் அதிகாரத்தோடு சட்டம் வந்தது. ஒரு சிரிப்பில் பிறந்த அந்தச் சட்டம் 140 ஆண்டுகளுக்கும் மேல் ஏட்டில் உட்கார்ந்திருந்தது.

ஆகவே "என் உலகத்தில் என்ன சட்டம்?" என்று தொடங்காதீர்கள். "இந்த ஊர்க்காரர்கள் எதற்குப் பயப்படுகிறார்கள்?" என்று கேளுங்கள். பயம் உங்கள் மண்ணிலிருந்து வந்தால் இன்னும் நல்லது. ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை எங்கள் பக்கம் ஏறும்போது, மத்தியானம் மூன்று மணிக்கே மூட்டம் இறங்கிவிடும். பத்தடிக்கு அப்பால் ஆள் தெரியாது. குரல் மட்டும் கேட்கும், ஆனால் எந்தத் திசையிலிருந்து என்று சொல்ல முடியாது. மேட்டுத் தேயிலைக்காட்டில் பேசுகிறவர் பக்கத்தில் நிற்பது போலிருக்கும். ராத்திரி வெளியிலிருந்து யாராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டால் மூன்றாம் முறைதான் பதில் கொடுக்க வேண்டும் என்று நம் வீடுகளில் சொல்வார்கள், இல்லையா? இந்த இரண்டையும் சேர்த்தேன். கூதிர்மலையில் மூட்டத்துக்குக் காது உண்டு. அதற்குள் ஒரு பெயரைச் சொன்னால், அந்தப் பெயருக்குரியவர் வந்தே ஆக வேண்டும். உயிரோடிருப்பவர், செத்தவர் என்ற வித்தியாசம் மூட்டத்துக்குத் தெரியாது.

அடுத்து, சட்டத்தை ஒரு வாய்க்குள் அடக்குங்கள்

முதல் முறை நான் எழுதியது இது: "கூதிர்மலைக் கதைசொல்லல் ஒழுங்குமுறைச் சட்டம், பிரிவு நான்கு, உட்பிரிவு ஆ." தாலுகா ஆபீஸ் வாசனை அடித்தது. கிழித்துப் போட்டுவிட்டேன்.

சட்டம் ஒரு பாட்டி பேரனுக்குச் சொல்லும் அளவில் இருக்க வேண்டும். "மூட்டத்தில் பெயர் சொல்லாதே." அவ்வளவுதான். எழுத்தில் வரும் நீண்ட வடிவம், விலக்குகள், அபராதங்கள் எல்லாம் பின்னால் உங்கள் கதைக்குள் இருக்கும் கணக்கப்பிள்ளைகள் எழுதிக்கொள்ளட்டும்.

இதை நானாகக் கண்டுபிடித்துவிட்டதாகப் பெருமையடிக்க முடியாது. காதலைப் பாடும் அகப்பாட்டில் எந்த மனிதரையும் சுட்டிப் பெயர் சொல்லக் கூடாது என்று தொல்காப்பியம் எப்போதோ விதித்துவிட்டது: "சுட்டி ஒருவர்ப் பெயர்கொளப் பெறாஅர்." அதனால்தான் அகப்பாடல்களில் தலைவன், தலைவி, தோழி, செவிலி என்றே எல்லாரும் நடமாடுகிறார்கள். அந்த இலக்கணமே மலைநிலமான குறிஞ்சிக்குரிய காலங்களில் ஒன்றாகக் கூதிரை, அதாவது ஐப்பசி, கார்த்திகைக் குளிர்பருவத்தை, சொல்கிறது. என் மலைக்குப் பெயர் அங்கிருந்து வந்தது. கதைக்குச் சட்டம் போடுவது நமக்குப் புதிதே இல்லை. வெளிநாட்டு நாவல்களில் தேடுவதற்கு முன் வீட்டுப் பரணைப் பாருங்கள்.

அப்புறம் ஒரு நாள் முழுக்க அந்தச் சட்டத்தோடு வாழுங்கள்

இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள். ஒரு நோட்டை எடுத்து, காலை விடிந்தது முதல் ராத்திரி படுப்பது வரை உங்கள் உலகத்துச் சாதாரண ஆள் ஒருவர் செய்வதையெல்லாம் எழுதுங்கள். ஒவ்வொரு வேலைக்கும் பக்கத்தில், "இந்தச் சட்டம் இங்கே எங்கே குத்துகிறது?" என்று கேளுங்கள்.

எனக்குக் கிடைத்தவை சில. காலையில் மூட்டம் கலையவில்லை, கொழுந்து பறிக்க வந்தவர்களை மேஸ்திரி எப்படிக் கணக்கெடுப்பார்? "மூணாம் வரிசை, சிவப்புத் தலைத்துணி" என்றுதான் கூப்பிட வேண்டும். இரண்டு பேர் சிவப்புத் துணி கட்டிவந்தால் கூலியில் தகராறு. பள்ளிக்கூடத்தில் ஆஜர் எடுப்பது மூட்டம் விலகிய பிறகுதான், ஆகவே ஐப்பசியில் பாதி நாள் யாருமே ஆஜர் இல்லை. சண்டை போடுகிறவர்கள் பெயர் சொல்லித் திட்ட முடியாது. அதனால் கூதிர்மலைக்காரர்களின் வசவு, சுற்றி வளைத்து, உவமையோடு, கேட்கவே அழகாக இருக்கும். காட்டுவழியில் யானையைப் "பெரியவர்" என்றும் ராத்திரியில் பாம்பைப் "பூச்சி" என்றும் சொல்லும் பழக்கம் நமக்கு ஏற்கெனவே இருப்பதால், இதெல்லாம் எழுதக் கஷ்டமாக இல்லை.

இப்படி எழுதிக்கொண்டே போகும்போது ஏதாவது ஓரிடத்தில் பேனா நிற்கும். நிற்க வேண்டும். சட்டமும் மனித சுபாவமும் முட்டிக்கொள்ளும் இடம் அது. எனக்கு நின்றது, குழந்தை தொலைந்த இடத்தில்.

சாயங்காலம் நாலு மணி. ஆட்டுக்குட்டியைத் தேடிப்போன ஆறு வயதுப் பையன் திரும்பவில்லை. மூட்டம் வாசல்படி வரை வந்துவிட்டது. எந்த அம்மாவும் பெயரைச் சொல்லித்தான் கத்துவாள். இவள் கத்த முடியாது. கத்தினால் பையன் வருவான், கூடவே அவனுக்குப் பெயர் கொடுத்த தாத்தாவும் வருவார். தாத்தா பெயரைச் சுமப்பதால்தானே அவன் பேரன்! தாத்தா செத்து எட்டு மாதம் ஆகிறது.

அவள் எல்லைக்கல்லுக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லத் தொடங்குகிறாள்.

"ஒரு ஊர்ல ஒரு பையன் இருந்தானாம்."

காதைத் தீட்டிக்கொள்கிறாள். ஒன்றுமில்லை.

"அவனுக்கு வலது முழங்கால்ல ஒரு தழும்பாம். சக்கரை இல்லாம இட்லி எறங்காதாம்."

கீழே ஓடைப் பக்கமிருந்து ஒரு ம். உடனே மேலே சோலைப் பக்கமிருந்து இன்னொரு ம்.

தாத்தாவுக்கும் முழங்காலில் தழும்பு. அவருக்கும் சர்க்கரை வேண்டும். பையன் அதையெல்லாம் அவரிடமிருந்துதான் பிடித்துக்கொண்டான். அவள் வாய் உலர்ந்துபோகிறது. கொஞ்ச நேரம் நின்று யோசித்துவிட்டுச் சொல்கிறாள்: "போன செவ்வாக்கெழம அவனுக்கு முன்பல்லு விழுந்துச்சாம். அதைக் கூரைமேல எறிஞ்சானாம்."

இந்த முறை ஓடைப் பக்கம் மட்டும் ம் வருகிறது. அவள் அந்தத் திசையில் இறங்குகிறாள்.

இந்தக் காட்சியை நான் திட்டமிடவில்லை. "பெயர் சொல்லாதே" என்ற சட்டத்தையும் பாட்டியின் ம்மையும் ஒரே ஊரில் குடிவைத்து, ஒரு நாள் முழுக்க நடத்திப் பார்த்ததில் கிடைத்தது. அதனால்தான் சொல்கிறேன், நோட்டு வேலையைச் சோம்பேறித்தனத்தால் விட்டுவிடாதீர்கள். சட்டம் எங்கே வலிக்கிறது என்று தெரியாமல் எழுதப் போனால், வில்லனைக் கொண்டுவந்துதான் கதையை நகர்த்த வேண்டியிருக்கும்.

தீர்ப்பு சொல்ல ஆள் வேண்டும்

அந்த அம்மா சட்டத்தை மீறினாளா? பெயரைச் சொல்லவில்லை. ஆனால் தழும்பையும் சர்க்கரையையும் சொல்லி ஆளைச் சுட்டிவிட்டாளே, அதுவும் பெயர்தான் என்று ஊரில் ஒருவர் வழக்குப் போடுவார். போட வேண்டும். இல்லாவிட்டால் உங்கள் ஊரில் உயிர் இல்லை.

இதே வழக்கு நம்மிடம் நடந்திருக்கிறது. பத்துப்பாட்டில் ஒன்றான நெடுநல்வாடை, வாடைக்காற்றில் பிரிவால் தவிக்கும் ஒரு அரசியையும் பாசறையில் இருக்கும் அரசனையும் பாடுகிறது. எங்கும் பெயர் இல்லை. கேட்டால் அகப்பாட்டுப் போலத்தான் இருக்கும். ஆனால் பாசறையில் வரும் வேலின் தலையில் வேப்பந்தழை கட்டியிருப்பதாக ஒரு குறிப்பு இருக்கிறது. வேம்பு பாண்டியனுடைய அடையாளம். அந்த ஒரு தழையைப் பிடித்துக்கொண்டு உரையாசிரியர் நச்சினார்க்கினியர், ஆளைச் சுட்டியாகிவிட்டது, ஆகவே இது அகம் இல்லை, அரசரையும் போரையும் பாடும் புறம் என்று தீர்த்துவிட்டார். அப்படித்தான் படிக்க வேண்டுமா என்ற வாதம் இன்றுவரை ஓயவில்லை. ஒரு இலை போதும், வழக்கு நூற்றாண்டுகளுக்கு ஓடும். உங்கள் உலகத்திலும் அப்படி ஒரு வேப்பந்தழை இருக்கட்டும்.

நீதிபதியாக யாரை வைப்பது? வெள்ளைத் தாடி, நீண்ட அங்கி, கையில் கோல். தயவுசெய்து வேண்டாம். இறையனார் களவியல் என்ற பழைய அகப்பொருள் இலக்கணத்தின் உரையில் வரும் கதையைப் பாருங்கள். புலவர்கள் அந்த நூலுக்கு ஆளுக்கொரு உரை எழுதிவிட்டு எது சரி என்று சண்டை. தீர்ப்பு சொல்ல உட்கார்த்தப்பட்டவன் உருத்திரசன்மன் என்ற சின்னப் பையன், அதுவும் ஊமை. எந்த உரைக்கு அவன் கண்ணில் நீர் வந்து மெய் சிலிர்க்கிறதோ அதுவே மெய்யுரை. மற்றவர்கள் வாசித்தபோது சும்மா இருந்தான். மருதனிளநாகனார் உரைக்கு ஓரோர் இடத்தில் கண்ணீர். நக்கீரர் வாசித்தபோது சொல்லுக்குச் சொல் கண்ணீர். பேச முடியாத குழந்தை, முருகனே அவன் என்ற நம்பிக்கை, வரிசையாக உட்கார்ந்து வாசிக்கும் பெரிய பெரிய புலவர்கள். இதைவிட நல்ல நீதிமன்றக் காட்சியை நான் எந்த ஃபேன்டஸி கதையிலும் பார்த்ததில்லை.

கூதிர்மலையில் தீர்ப்பு சொல்பவர்களைச் செவியர் என்கிறார்கள். ஒரு காது கேட்காதவர்களைத்தான் அந்த வேலைக்கு எடுப்பார்கள். ஏன் என்று இன்னும் நான் கதையில் சொல்லவில்லை.

தண்டனை சட்டத்தின் நிறத்தில் இருக்கட்டும்

நாக்கை அறுப்பது வேண்டாம். எல்லாரும் அறுத்துவிட்டார்கள். சட்டம் எதைப் பாதுகாக்கிறதோ அதையே கொஞ்ச காலம் பறித்துக்கொள்வதுதான் பொருத்தமான தண்டனை. கூதிர்மலையில் பெயர் சொன்னவருக்கு ஒரு கூதிர் முழுக்க யாரும் ம் கொட்ட மாட்டார்கள். சோறு போடுவார்கள், கூலி கொடுப்பார்கள், எதிரில் வந்தால் ஒதுங்கி வழிவிடுவார்கள். அவர் பேசும்போது மட்டும் ஒரு ஒலியும் வராது. நீலகிரியில் படகர்களின் சாவுச் சடங்கில், பெரியவர் ஒருவர் பாவங்களை வரிசையாகச் சொல்லச் சொல்ல, கூடியிருப்பவர்கள் சேர்ந்து குரல் கொடுக்கும் வழக்கம் உண்டு. சொல்கிறவருக்குப் பின்னால் ஊர் வாய் சேர்வதன் பலத்தை அதில் உணரலாம். அந்த வாய் ஒருவருக்கு மட்டும் மூடிக்கொண்டால் எப்படி இருக்கும் என்று யோசித்துத்தான் இந்தத் தண்டனையை எழுதினேன்.

ஓட்டையும் ஓரவஞ்சனையும்

எல்லாருக்கும் ஒரே மாதிரி நடக்கும் சட்டம் நம்பும்படி இருக்காது. 1878இல் வைஸ்ராய் லிட்டன் கொண்டுவந்த பத்திரிகைச் சட்டம் இந்திய மொழிப் பத்திரிகைகளை மட்டுமே கட்டுப்படுத்தியது. ஆங்கிலப் பத்திரிகைகளுக்கு ஒன்றுமில்லை. வங்காளத்தில் அமிர்தபஜார் பத்திரிகை என்ன செய்தது தெரியுமா? ஒரே ராத்திரியில் ஆங்கிலப் பத்திரிகையாகிவிட்டது. சட்டம் வாயைப் பிளந்துகொண்டு நின்றது. இந்த ஒரு சம்பவத்துக்குள் சட்டம், அநியாயம், ஓட்டை மூன்றும் இருக்கின்றன. உங்கள் சட்டத்துக்கும் இந்த மூன்றையும் தேடுங்கள்.

என் கதையில் ஓட்டை, "மூட்டம்" என்றால் என்ன என்ற கேள்வியில் இருக்கிறது. ஊர் வழக்கப்படி, நிற்கும் இடத்திலிருந்து எல்லைக்கல் கண்ணுக்குத் தெரிந்தால் அது மூட்டம் இல்லை, பெயர் சொல்லலாம். பணக்காரர் ஒருவர் ராத்திரியோடு ராத்திரியாக ஆள் வைத்து அந்தக் கல்லைப் பெயர்த்துக் கொண்டுவந்து தன் வாசலுக்கு எதிரில் நட்டுவிடுகிறார். இனி அவர் திண்ணையில் உட்கார்ந்து யார் பெயரை வேண்டுமானாலும் கூப்பிடலாம். கடனைத் திருப்பாமல் செத்துப்போனவர்களின் பெயர்களைத்தான் முதலில் கூப்பிடுகிறார்.

மலைநாட்டில் இன்னொரு வசதி. ஒவ்வொரு சரிவுக்கும் வழக்கத்தை மாற்றலாம். நீலகிரியைப் படகர்கள் நாக்குபெட்டா, அதாவது நான்கு மலை, என்பார்கள், தங்கள் ஊர்களை நான்கு சீமைகளாகப் பிரித்தும் வைத்திருக்கிறார்கள். அதுபோல உங்கள் மலைக்கு நாலு சரிவு இருந்தால், ஒரு சரிவில் குற்றமானது அடுத்ததில் விருந்தாளிக்கான மரியாதையாக இருக்கலாம். ஆனால் தொடக்கத்தில் இரண்டுக்கு மேல் போகாதீர்கள். குழம்பிவிடும்.

கவாத்து

நான் மொத்தம் 18 சட்டங்கள் எழுதியிருந்தேன். இப்போது மிச்சம் மூன்று. தேயிலைச் செடியைக் கவாத்து செய்வது போல, பார்க்கப் பாவமாக இருந்தாலும் வெட்டத்தான் வேண்டும். வெட்டியவற்றில் குறிஞ்சிச் சட்டமும் ஒன்று: பன்னிரண்டு வருடத்துக்கு ஒருமுறை குறிஞ்சி பூக்கும்போது மட்டுமே சொல்லத்தக்க கதை. இந்த மலைகளைப் பற்றி எழுத வருகிற அத்தனை பேருக்கும் முதலில் தோன்றுவது இதுதான், எனக்கு அலுத்துவிட்டது. 2018இல் பூத்த குறிஞ்சி இனி 2030இல்தான். நீங்கள் எழுதித்தான் தீருவீர்கள் என்றால், பூவைக் கொஞ்சம் ஒதுக்கிவிட்டு இடையில் இருக்கும் பன்னிரண்டு வருடத்தை எழுதுங்கள். போன தடவை கேட்டவர்களில் யார் செத்தார்கள், யார் மறந்தார்கள், யார் மாற்றிச் சொன்னாலும் கண்டுபிடிக்க ஆளில்லை என்பதில் ஒரு கதை இருக்கிறது.

கதையில் எங்கே, எப்படி வைப்பது

முதல் பக்கத்தில் சட்டத்தை ஒப்பிக்காதீர்கள். ஒருவர் அதைப் பின்பற்றுவதைக் காட்டினால் போதும். அந்த அம்மா ஏன் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை என்று வாசகர் ஒரு பக்கமாவது குழம்பட்டும். இரண்டாவது ம் கேட்கும்போது அவருக்கே புரிந்துவிடும்.

கடன் வாங்கும்போது

இந்த மலைகளில் உட்கார்ந்து எழுதுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர் ஆகியோருடைய சடங்குகளும் பாட்டுகளும் ஆளில்லாத சொத்து இல்லை. தோடர் பாட்டில் ஒவ்வொரு சொற்றொடருக்கும் அளவொத்த இணைச் சொற்றொடர் ஒன்று உண்டு, இரண்டும் ஜோடியாகத்தான் வரும். மொழியறிஞர் எமனோ 1930களில் இங்கே வந்து, பாடுகிறவர்களோடு உட்கார்ந்து கேட்டுத்தான் அதையெல்லாம் எழுதினார். நீங்களும் கேளுங்கள். "சொல்லக் கூடாது" என்று அவர்கள் சொன்னால் அங்கேயே விட்டுவிடுங்கள். கதைக்குச் சட்டம் வேண்டும் என்று எழுதப் புறப்பட்டவர், கண்ணெதிரில் இருக்கும் சட்டத்தை மீறினால் எப்படி? இணையாகவே பேச வேண்டும் என்பது போன்ற ஒரு யோசனையை எடுத்து உங்கள் உலகத்துக்கு வேறு விதமாக வளர்ப்பது வேறு, ஒரு சமூகத்தின் சாமியையும் சடங்கையும் பெயர் மாற்றிப் போடுவது வேறு.

மற்ற எழுத்தாளர்கள் விஷயத்தில், 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி எழுதியவர் காலத்துக்குப் பின்னும் 60 ஆண்டுகள் உரிமை உண்டு. அது எழுதிய வடிவத்துக்குத்தான், வெறும் யோசனைக்கு இல்லை. பெயர் சொல்லக் கூடாத ஊர் என்ற யோசனையை நீங்களும் எழுதலாம், எனக்கு ஒன்றுமில்லை.

கடைசி வேலை

பத்துப் பக்கம் சேர்ந்ததும் யாராவது ஒருவரைப் பிடித்து உட்காரவைத்து வாய்விட்டுப் படியுங்கள். ம் கொட்டச் சொல்லுங்கள். எழுத்து தெரிந்தவர்தான் வேண்டும் என்றில்லை, டீ கொண்டுவந்து வைக்கும் தம்பியே போதும். கையில் பென்சில் இருக்கட்டும். ம் எங்கே தாமதமாகிறது, எங்கே நிற்கிறது என்று ஓரத்தில் கோடு போடுங்கள். எனக்கு நாலாம் பக்கத்திலேயே நின்றது, செவியர்களின் குலவரலாறு ஓடிக்கொண்டிருந்த இடம். அதை எடுத்துவிட்டு, ஒன்பதாம் பக்கத்தில் இருந்த எல்லைக்கல் திருட்டை அங்கே கொண்டுவந்து வைத்திருக்கிறேன்.